ஜார்டின் எந்த ஊர்க்காரர்? – கடிதம்

அன்புள்ள ஐயா,

போன கட்டுரையில் டக்ளஸ் ஜார்டினை ‘ஸ்காட்லாந்துக்காரர், போரிலும் இருந்தவர்’ என்று ஒரே வரியில் சொல்லிவிட்டு நகர்ந்துவிட்டீர்கள். அவர் பம்பாயில் பிறந்து இங்கிலாந்து அணிக்குத் தலைமை தாங்கியவர் அல்லவா? என் அப்பா பாடிலைன் கதையைச் சொல்லும்போதெல்லாம் அவரை வில்லனாகத்தான் காட்டுவார். அப்படிப்பட்ட மனிதர் போரில் என்ன செய்தார்? கொஞ்சம் விரிவாக எழுத முடியுமா?

அன்புடன்,
ஆர்.

அன்புள்ள ஆர்.,

பிறந்தது பம்பாய் மலபார் ஹில்லில்தான், 1900 அக்டோபரில். அப்பா அங்கே பெரிய வக்கீல். ஆனால் அப்பா, அம்மா இரண்டு பேருமே ஸ்காட்லாந்து வம்சம். ஒன்பது வயதில் பையனைக் கப்பலேற்றி ஸ்காட்லாந்தின் செயின்ட் ஆண்ட்ரூஸில் இருந்த அம்மாவின் சகோதரி வீட்டுக்கு அனுப்பிவிட்டார்கள். அப்புறம் படிப்பு, கிரிக்கெட் எல்லாம் இங்கிலாந்தில். ஸ்காட்லாந்துக்குத் தனியாக டெஸ்ட் அணி கிடையாது என்பதால் இங்கிலாந்துத் தொப்பி போட்டுக்கொண்ட ஸ்காட்லாந்துக்காரர்கள் பலர் உண்டு. அவர்களில் இவரும் ஒருவர்.

பாடிலைன் பற்றி உங்கள் அப்பா சொன்னதை நான் மறுக்கமாட்டேன். 1932-33 ஆஸ்திரேலியத் தொடரில் மட்டையாளர்களின் உடம்பைக் குறிவைத்துப் பந்து வீசச் சொன்னது அவர்தான்; அதற்குத்தான் பாடிலைன் என்று பெயர். அடிலெய்டில் ஆஸ்திரேலியத் தலைவர் வுட்ஃபுல் நெஞ்சில் அடிபட்டு நின்றதைப் படிக்கும்போது இப்போதும் எனக்கு வலிக்கிறது. அது தவறுதான். ஆனால் அடுத்த கோடையில் நடந்ததையும் சேர்த்துச் சொல்ல வேண்டும். 1933இல் ஓல்ட் டிராஃபோர்டில் மேற்கிந்தியத் தீவுகளின் மார்ட்டிண்டேலும் கான்ஸ்டன்டைனும் அதே பாணியில் இவர்மேல் வீசினார்கள். எதிர்முனையில் கூட ஆடிய லெஸ் ஏம்ஸ் தடுமாறினார். ‘நீ இந்தப் பக்கம் வந்துவிடு, இதை நான் பார்த்துக்கொள்கிறேன்’ என்றாராம் ஜார்டின். நுனிக்காலில் எழும்பி, மட்டையைத் தளர்வாகப் பிடித்து, பந்தைக் காலடியிலேயே சாகடித்துக்கொண்டு கிட்டத்தட்ட 5 மணி நேரம் நின்றார். 127 ரன். டெஸ்டில் அவர் அடித்த ஒரே சதம் அது. மற்றவர்களுக்குக் கொடுத்த மருந்தைத் தானும் முகம் சுளிக்காமல் குடித்தவர்.

அந்தக் குளிர்காலத்தில் இந்திய மண்ணின் முதல் டெஸ்டுக்கு, தான் பிறந்த பம்பாயிலேயே, தலைவராக வந்து இறங்கினார். தொடரின் கடைசி ஆட்டம் 1934 பிப்ரவரியில் நம் சேப்பாக்கத்தில். அந்த மைதானத்துக்கு அது முதல் டெஸ்ட், ஜார்டினுக்கு அதுதான் கடைசி. அமர் சிங் ஒரே இன்னிங்ஸில் 7 விக்கெட் எடுத்தும் இந்தியா தோற்றது. காரணம், யார்க்ஷயரின் இடதுகை சுழலர் ஹெட்லி வெரிட்டி. இரண்டு இன்னிங்ஸிலும் சேர்த்து 11 விக்கெட். ஜார்டின் மேல் வெரிட்டிக்கு இருந்த மரியாதை எப்படிப்பட்டது என்றால், தன் இரண்டாவது மகனுக்கு டக்ளஸ் என்றே பெயர் வைத்தார். ஊரே வில்லன் என்று தூற்றிய ஒருவருக்குக் கீழே ஆடியவர்கள் கொடுத்த சான்றிதழ் இது. எனக்கு இதுதான் பெரிதாகப் படுகிறது.

சரி, இரண்டாம் உலகப் போருக்கு வருகிறேன். 1939 ஆகஸ்டில் பிராந்தியப் படையில் (பிரிட்டனின் பகுதிநேரத் தன்னார்வப் படை) சேர்ந்தபோது ஜார்டினுக்கு வயது 38. ராயல் பெர்க்ஷயர் ரெஜிமென்டோடு பிரான்ஸுக்குப் போனார். 1940இல் டன்கிர்க் கடற்கரையிலிருந்து மூன்று லட்சத்துக்கும் மேற்பட்ட வீரர்கள் தப்பி வந்தார்களே, அவர்களில் ஒருவராகக் கரை சேர்ந்தார். அதன்பின் இந்தியாவுக்கு அனுப்பினார்கள். மேஜர் பதவியில் குவெட்டாவிலும் பிறகு சிம்லாவிலும் இருந்து படைக்கு உணவு, பண்டங்கள் வாங்கி அனுப்பும் துறையில் வேலை பார்த்தார். பதக்கம் தரும் வேலை இல்லை அது. படத்திலும் யாரும் காட்டமாட்டார்கள். ஆனால் நேரத்துக்கு மாவும் பருப்பும் போய்ச் சேராவிட்டால் எந்தச் சிப்பாயும் மறுநாள் துப்பாக்கியைத் தூக்க முடியாது. இந்துஸ்தானியைச் சரளமாகப் பேசும் அளவுக்குக் கற்றுக்கொண்டார் என்கிறார்கள். ஆஸ்திரேலியாவில் யாரோடும் ஒட்டாதவர் என்று பெயரெடுத்த மனிதர் நாற்பது வயதுக்குமேல் உட்கார்ந்து ஒரு மொழி படித்திருக்கிறார்.

வெரிட்டி போரிலிருந்து திரும்பவில்லை. 1939 செப்டம்பர் 1 அன்று இங்கிலாந்தின் ஹோவ் மைதானத்தில் 9 ரன் கொடுத்து 7 விக்கெட் எடுத்ததுதான் அவருடைய கடைசி கவுண்டி ஆட்டம். இரண்டு நாளில் போர் அறிவிப்பு வந்தது. கிரீன் ஹோவர்ட்ஸ் படையில் கேப்டனாக, 1943 ஜூலையில் சிசிலியின் கடானியா சமவெளியில் குண்டடிபட்டு, போர்க்கைதியாகவே இத்தாலியின் கசேர்ட்டாவில் இறந்தார். வயது 38. ஜார்டின் பட்டாளத்தில் சேர்ந்த அதே வயது.

போருக்குப் பிறகு, 1953இல், கிரிக்கெட் நடுவர்கள் சங்கம் தொடங்கியபோது அதன் முதல் தலைவராக ஜார்டின் இருந்தார். 1958 ஜூனில், 57 வயதில், சுவிட்சர்லாந்தின் மோன்ட்ரோவில் நுரையீரல் புற்றுநோயால் காலமானார். அவர் எந்த ஊர்க்காரர் என்று கேட்டிருந்தீர்கள். சாம்பலை பம்பாய்க்கோ லண்டனுக்கோ கொண்டுபோகவில்லை. ஸ்காட்லாந்தில், பெர்த்ஷயரில் உள்ள கிராஸ் கிரெய்க்ஸ் மலை உச்சியில் தூவினார்கள்.

அன்புடன்.