புதிய குளியலறைக்கு அனுமதி வேண்டுமா?

கேள்வி: இங்கிலாந்தில் எங்களுக்குச் சொந்தமான வீட்டில், மாடிப்படிக்குக் கீழே உள்ள ஜன்னலில்லாத இடத்தில், ஷவரும் கழிப்பறையும் சேர்ந்த சிறு குளியலறை ஒன்றை அமைக்க விரும்புகிறோம். வீட்டுக்குள் செய்யும் வேலைக்கு எந்த அனுமதியும் தேவையில்லை என்று ஒப்பந்தக்காரர் கூறுகிறார். அதை நம்பி முன்பணம் கொடுக்கலாமா?

பதில்: அவர் கூறுவதில் பாதிதான் சரி. வெளித்தோற்றம் மாறாத உள்வேலைக்குப் பொதுவாகத் திட்ட அனுமதி தேவைப்படுவதில்லை. பாரம்பரியக் கட்டடமாகப் பட்டியலிடப்பட்ட வீடாயின் தனி ஒப்புதல் பெற வேண்டியிருக்கும். வேலையின் பாதுகாப்பையும் தரத்தையும் பார்க்கும் கட்டட விதிமுறைகளோ வேறு. குளியலறை இல்லாத இடத்தில் புதிதாக ஒன்றை அமைப்பது அவற்றுக்கு உட்பட்டது என்பதால், உள்ளூர் கவுன்சிலின் கட்டடக் கட்டுப்பாட்டுப் பிரிவுக்கோ பதிவுபெற்ற தனியார் கட்டட ஆய்வாளருக்கோ முன்கூட்டியே அறிவிக்க வேண்டும். பழைய குளியல் தொட்டியை அகற்றி அதே இடத்தில் புதியதைப் பொருத்துவதற்குப் பொதுவாக இந்த அறிவிப்பு வேண்டியதில்லை. அதைப் புதிய குளியலறைக்கும் பொருத்திப் பேசுவோர் பலர்.

உங்கள் வீட்டில் முதலில் பார்க்க வேண்டியது வடிகால். கழிப்பறைக் குழாய் பொதுவாக 100 மி.மீ. விட்டமுடையதாகவும், மீட்டருக்குக் குறைந்தது 18 மி.மீ. சரிவுடனும் செல்ல வேண்டும். மாடிப்படியின் கீழிருந்து அந்தச் சரிவு கிடைக்காதபோது, கழிவை அரைத்துத் தள்ளும் பம்பைப் பொருத்தலாம் என்பார்கள். ஆனால் இயல்பான சரிவில் வடியும் இன்னொரு கழிப்பறையும் வீட்டில் இருந்தால்தான் கட்டட விதிமுறைகளின் வழிகாட்டி அதை ஏற்கிறது. ஜன்னல் இல்லாததால், நொடிக்கு 15 லிட்டர் காற்றை வெளியேற்றுவதும், விளக்கை அணைத்த பிறகும் 15 நிமிடம் ஓடுவதுமான விசிறி வேண்டும். மின்வேலையைத் தன் வேலைக்குத் தானே சான்றளிக்கும் தகுதியுடன் பதிவுபெற்ற மின்பணியாளரிடம் ஒப்படைப்பது நல்லது.

அறிவிக்காமல் கட்டிவிட்டால் பின்விளைவு ஒப்பந்தக்காரரோடு முடிவதில்லை. விதிக்கு மாறான வேலையை மாற்றவோ அகற்றவோ கவுன்சில் வீட்டு உரிமையாளருக்கே அறிவிப்பு அனுப்பலாம். அந்த அறிவிப்பை அனுப்ப முன்னர் 12 மாதமாக இருந்த காலவரம்பு 2023 அக்டோபர் முதல் 10 ஆண்டாகியுள்ளது. வீட்டை விற்கும்போது வாங்குபவரின் வழக்கறிஞரும், வேலை விதிப்படி முடிந்ததைக் காட்டும் நிறைவுச் சான்றிதழைக் கேட்பார். பின்னர் முறைப்படுத்தும் சான்றிதழுக்கு விண்ணப்பிக்க வழி உண்டு எனினும், மறைந்திருக்கும் குழாயைக் காட்டுவதற்காகப் புதிதாய் ஒட்டிய ஓடுகளையே பெயர்க்க நேரலாம்.

ஆகவே முன்பணத்துக்கு முன், யார் அறிவிப்பது, கட்டணம் யாருடையது என்பதை எழுத்தில் வாங்குங்கள். கடைசித் தவணையை நிறைவுச் சான்றிதழ் கைக்கு வந்த பின்னரே தருவதாகவும் ஒப்பந்தத்தில் சேர்த்துக்கொள்ளுங்கள். இதற்கு மறுக்கும் ஒப்பந்தக்காரரை நான் அமர்த்தமாட்டேன்.