பொத்தாகோஸ்னா ஒட்டகக் கண்ணா? பேத்திக்கு வைக்கப் போற ஒரு கசாக் பேரைப் பத்தி

கசாக்ஸ்தான்ல அத்திராவ் பக்கம் ஆயில் ஃபீல்டுல வேலை பாக்குற ஒரு தம்பி கேட்டிருக்கார். வீட்டம்மா கசாக் பொண்ணு, குழந்தை பொறந்து 3 வாரம் ஆகுது, பெண் குழந்தை. மாமியார் பொத்தாகோஸ்னு பேர் வைக்கணும்னு ஆசைப்படுறாங்க. இவர் நெட்ல தேடிப் பாத்துட்டு 'ஒட்டகக் குட்டியோட கண்ணு'ன்னு அர்த்தம் போட்டிருக்குனு போன்ல ஊருக்கு சொல்லிட்டார். திருநெல்வேலில இருக்கிற அம்மாவுக்கு அன்னையிலருந்து மனசே சரியில்லையாம், 'என் பேத்திக்கு ஒட்டகம்னா பேரு வைப்பாங்க'ன்னு ஒரே அழுகை. நெட்ல போட்டிருக்கிற அர்த்தம் சரிதானா, அங்க இது மதிப்பான பேர் தானா, நாளைக்கு ஊருக்கு வந்தா இதை கூப்பிடவும் எழுதவும் முடியுமான்னு கேக்குறார்.

தம்பி, நெட்ல போட்டிருக்கிற அர்த்தம் சரிதான். 'பொத்தா'ன்னா ஒரு வயசு கூட ஆகாத ஒட்டகக் கன்னு, 'கோஸ்'னா கண்ணு. கோஸ்ன்றதைக் கசாக்ல தனியா சொன்னா முதல் எழுத்து அழுத்தமான க, பேருக்குள்ள வர்றப்ப முன்னாடி உயிரெழுத்து இருக்கிறதால கூகிள்னு சொல்றப்ப வர்ற க மாதிரி மெலிஞ்சிடும். துருக்கி, அஜர்பைஜான், உஸ்பெக், கிர்கிஸ்னு துருக்கிய மொழிக் குடும்பத்துல பெரும்பாலான மொழிகள்ல கண்ணுக்கு இதே சொல்தான், சின்னச் சின்ன உச்சரிப்பு வித்தியாசத்தோட. ஆனா சொல்லுக்கு சொல் அர்த்தம் பாத்து ஒரு பேரை எடை போடுறதுல ஒரு சிக்கல் இருக்கு, அதை நம்ம ஊர் பேரை வச்சே சொல்றேன்.

மதுரைல மீனாட்சின்னு ஒரு பொண்ணைக் கூப்பிடுறோம். மீன் மாதிரி கண்ணு உள்ளவன்னு அர்த்தம். கயல்விழியும் அதேதான். அந்தப் பேரைக் கேட்டா யாருக்காவது மீன் மார்க்கெட் ஞாபகம் வருதா? நீண்ட, துறுதுறுன்னு ஓடுற, இமைக்காம காவல் காக்குற கண்ணுதான் மனசுல வருது. மான்விழின்னு சொன்னா மருண்டு பாக்குற பெரிய கண்ணு வருது. தண்ணியும் காடும் பக்கத்துல இருந்த ஜனங்க மீன்லயும் மான்லயும் அழகைப் பாத்தாங்க. காடே இல்லாத, கண்ணுக்கு எட்டின வரைக்கும் புல்லும் மணலுமா கிடக்கிற மண்ணுல, ஆட்டையும் குதிரையையும் ஒட்டகத்தையும் ஓட்டிக்கிட்டு இடம் மாறி இடம் மாறி வாழ்ந்த ஜனங்க அழகான கண்ணை எங்க போய்த் தேடுவாங்க? ஒட்டகக் கன்னுகிட்டதான்.

நீங்க அத்திராவ்ல இருக்கீங்க, அது ஒட்டகம் வளக்குற பூமி, பக்கத்து மாகாணம் மங்கிஸ்தாவும் அப்படித்தான். இத்தனை நாள் ரோட்டோரம் பெரிய ஒட்டகத்தைப் பாத்திருப்பீங்க, கன்னோட முகத்தைப் பக்கத்துல போய் பாத்திருக்கீங்களான்னு தெரியல. மார்ச், ஏப்ரல்ல கன்னு போடுற சமயத்துல ஒரு தடவை போய்ப் பாருங்க. அவ்வளவு பெரிய கறுப்புக் கண்ணு, வெள்ளை விழி தெரியவே தெரியாது, மணல் உள்ள போகாம இருக்க ரெண்டு வரிசை இமை முடி, எப்பவும் இப்பதான் அழுது முடிச்ச மாதிரி ஒரு பளபளப்பு. அந்தப் பளபளப்புக்கு கசாக்ல ஒரு தனி சொல் இருக்கு, 'மோல்திர்'னு சொல்லுவாங்க, அடி வரைக்கும் தெரியுற ஊத்துத் தண்ணியோட தெளிவு. கண்ணை வர்ணிக்கிறப்ப பொத்தாவோட கண்ணு மாதிரி மோல்திரா இருக்குன்னு சொல்றது அவங்க பேச்சுல ரொம்ப சாதாரணம். மோல்திர்னே பொண்ணுங்களுக்குப் பேரும் வைக்கிறாங்க.

இன்னொரு விஷயம், அங்க ஒட்டகம்னா நம்ம ஊர்ல பீச்சுல சவாரி போற ஒட்டகம் கிடையாது. குதிரை, ஒட்டகம், மாடு, ஆடு இந்த நாலும்தான் கசாக் வாழ்க்கைக்கு நாலு தூண், ஒவ்வொண்ணுக்கும் ஒரு காவல் தெய்வம் மாதிரி ஒரு பெரியவர் உண்டு, ஒட்டகத்தோட காவலருக்குப் பேர் ஓய்சில்காரா. ஆண் ஒட்டகத்துக்கு ஒரு பேர், காயடிச்சதுக்கு வேற பேர், தாய் ஒட்டகம் 'இங்கென்', ஒரு வயசுக்குக் கீழ 'பொத்தா', அதைத் தாண்டினா 'தாய்லாக்'னு வயசையும் வகையையும் வச்சு தனித்தனி சொல் இருக்கு. வீடு மாத்துறப்ப மொத்தக் கூடாரத்தையும் சுமந்தது ஒட்டகம்தான், அதோட பாலைப் புளிக்க வச்ச ஷுபாத் உங்க மாமியார் வீட்டுலயே குடிச்சிருப்பீங்க. தாய் ஒட்டகம் 13 மாசம் போல சுமக்கும், ஒரு தடவைக்கு ஒரே கன்னு, ரெண்டு வருஷத்துக்கு ஒருக்காதான் ஈனும். அப்படின்னா ஒரு கன்னு ஒரு வீட்டுக்கு எவ்வளவு பெரிய செல்வம்னு நீங்களே யோசிச்சுக்கோங்க. அதனாலதான் குழந்தைங்களை அவங்க கொஞ்சுறப்ப 'பொத்தாம்'னு கூப்பிடுறாங்க, என் கன்னுக்குட்டியேன்னு அர்த்தம். 'குலுனிம்'னா என் குதிரைக்குட்டி, 'கோசிம்'னா என் ஆட்டுக்குட்டி. நம்ம ஆச்சிங்க 'என் கன்னுக்குட்டி வாடி'ன்னு தூக்குறதும் இதுவும் எனக்கு ஒரே குரலாத்தான் கேக்குது. 'காராஷிகிம்'னும் சொல்லுவாங்க, கண்ணுக்குள்ள இருக்கிற கருமணின்னு அர்த்தம், நம்ம கண்மணிதான் அது, துளி வித்தியாசம் இல்ல.

பொத்தான்ற சொல் சமீபத்துல யாரோ இட்டுக்கட்டினதும் இல்ல. 11ஆம் நூற்றாண்டுல காஷ்கர்காரர் மஹ்மூத்னு ஒரு பெரிய அறிஞர், 1070கள்ல பாக்தாத்ல உக்காந்து துருக்கிய மொழிகளுக்கு முதல் பெரிய அகராதி எழுதினார், சொல்லுக்கு அர்த்தம் மட்டும் போடாம அந்தக் காலத்துப் பழமொழி, பாட்டு எல்லாம் சேத்து எழுதி வச்சார். அதுல 'பொத்து'ன்னு ஒட்டகக் கன்னுக்கு சொல் இருக்கு, கூடவே ஒரு பழமொழியும் இருக்கு, தாய் ஒட்டகம் முனகினா கன்னு கதறும்னு. ஏறக்குறைய ஆயிரம் வருஷத்துக்கு முன்னாடியே தாயும் கன்னும்னா அவங்களுக்கு பாசத்தோட அடையாளம் ஆயிடுச்சு. அந்தப் பழமொழில தாய்க்கு வர்ற சொல் இங்கென், அதையேதான் இன்னைக்கும் கசாக்ல சொல்றாங்க.

இங்க நான் மறைக்காம ஒண்ணு சொல்லணும், ஏன்னா பேர் வைக்கிறவங்க எல்லாப் பக்கமும் தெரிஞ்சுக்கணும். பொத்தான்ற சொல்லுக்குள்ள ஒரு சோகமும் ஒட்டிக்கிட்டு இருக்கு. ஒட்டகம் கத்துறதுக்கு 'போஸ்தாவ்'னு சொல்லுவாங்க, மனுஷன் நெஞ்சு வெடிச்சு அழறதுக்கும் அதே சொல்தான். பிள்ளையைப் பறிகொடுத்த தாயைப் பத்தி சொல்றப்ப, கன்னு செத்த இங்கென் மாதிரி கதறினான்னு சொல்லுவாங்க. துருக்கில நடு அனத்தோலியாவுல தொண்டை கிழியப் பாடுற ஒரு வகை நாட்டுப்பாட்டு இருக்கு, போஸ்லாக்னு, அதுவும் இந்த வேர்ச்சொல்தான். கன்னு செத்துப்போன தாய் ஒட்டகம் பால் சுரக்காம நின்னுடும், அப்ப அதுகிட்ட உக்காந்து தோம்ப்ரான்ற ரெண்டு கம்பி வாத்தியத்துல வாசிச்சு மனசு இளகப் பண்ணி பால் சுரக்க வைக்கிற இசை ஒண்ணு கசாக்ல இருக்கு, 'நார் இதிர்கென்'னு பேர். மங்கோலியாவுல கன்னை ஒதுக்குற தாயை பாட்டு பாடி இளக வைக்கிற சடங்கை யுனெஸ்கோவே 2015ல பாதுகாக்க வேண்டிய மரபுன்னு பட்டியல்ல சேத்திருக்கு. இந்த சோகத்தை நினைச்சு பயப்பட வேண்டாம்னுதான் நான் சொல்லுவேன். அழுறது பிரிஞ்ச தாய், பேர் வைக்கிறது கன்னோட கண்ணை வச்சு, அதுவும் தாய்கூட நிக்கிற கன்னோட கண்ணை. அங்க இந்தப் பேரை யாரும் அபசகுனமா நினைக்கிறது இல்ல.

இன்னொரு பக்கம் பாருங்க. கசாக்ல பெண் குழந்தையா பொறந்துகிட்டே இருந்தா 'உல்போல்சின்'னு பேர் வைக்கிற பழக்கம் உண்டு, 'ஆம்பளைப் பிள்ளை ஆகட்டும்'னு அர்த்தம். நம்ம ஊர்ல போதும்பொண்ணுன்னு வச்சாங்களே, அதேதான். பாவம் அந்தப் புள்ளைங்க, ஆயுசு முழுக்க வேற ஒருத்தர் வரணும்ன்ற வேண்டுதலைத் தன் பேரா சுமக்கணும். உங்க மாமியார் அப்படி ஒரு பேர் சொல்லிருந்தா வேண்டாம்னு மல்லுக்கட்டுங்கன்னு நானே சொல்லியிருப்பேன். இவங்க பேத்தி முகத்தைப் பாத்து, கண்ணைப் பாத்து, அந்தக் கண்ணுக்குன்னே ஒரு பேர் சொல்லியிருக்காங்க. எனக்கு இதைவிடப் பெரிய காரணம் வேற வேணும்னு தோணல.

மதிப்பான பேரான்னு கேட்டீங்க. நல்ல மதிப்பான பேர், கொஞ்சம் பழைய தலைமுறை வாசனை அடிக்கும். சாபித் முகானோவ்னு ஒரு பெரிய எழுத்தாளர் எழுதின நாவலோட தலைப்பே பொத்தாகோஸ்தான், கதாநாயகி பேர் அது, 1938ல முதல்ல வேற தலைப்புல வந்து அப்புறம் இந்தப் பேருக்கு மாறிச்சு. 1957ல சினிமாவா எடுத்தப்ப அந்த வேஷத்துல நடிச்சது குல்ஃபைருஸ் இஸ்மாயிலோவா, அவங்க பெரிய ஓவியர் கூட. அதனால உங்க மாமியார் வயசுல இருக்கிறவங்களுக்கு இந்தப் பேரைக் கேட்டா ஒரு தைரியமான கிராமத்துப் பொண்ணு முகமும் மனசுல வரும். இப்ப இருக்கிற அப்பா அம்மாவுக்கு சின்னதா வேணும்னா அக்பொத்தா, அதாவது வெள்ளைக் கன்னு, இல்லன்னா ஐபொத்தா, நிலாக் கன்னுன்னு வைக்கிறதும் உண்டு. ஒட்டகம் வேண்டவே வேண்டாம்னு வீட்டுல முடிவானா காராகோஸ் இருக்கு, கருவிழின்னு அர்த்தம், ஆனா மாமியார் ஆசைப்பட்டது அது இல்லையே.

இப்ப கூப்பிடுற விஷயம். முதல் எழுத்து பஸ்னு சொல்றப்ப வர்ற ப. நடுவுல த். 'கோ' மட்டும்தான் கஷ்டம், 'கே'ன்னு சொல்ல நாக்கை வச்சுக்கிட்டு உதட்டை மட்டும் 'கோ'வுக்கு குவிச்சா வர்ற சத்தம் அது, வீட்டம்மாகிட்ட பத்து தடவை சொல்லச் சொல்லிக் கேளுங்க வந்துடும். கடைசில ரோஸ்னு சொல்றப்ப வர்ற மெல்லிய ஸ். அழுத்தம் கடைசி அசைல விழும். தமிழ்ல பொத்தாகோஸ்னு எழுதுறதுதான் பக்கமா வருது. பள்ளிக்கூடத்துல பசங்க முட்டைகோஸ்னு கிண்டல் பண்ணுவாங்களேன்னு உங்களுக்கு ஒரு பயம் வரலாம், அது நியாயம்தான், அதுக்கு ஒரே வழி முழுப்பேரை தினம் கூப்பிடாம இருக்கிறது. கசாக் வீடுகள்லயே யாரும் முழுசா கூப்பிட மாட்டாங்க, பொத்தா, பொத்தாஷ், பொத்தாஜான்னுதான் கூப்பிடுவாங்க, அந்த ஜான் நம்ம உயிரேன்ற மாதிரி. ஊர்ல ஆச்சி கூப்பிடுறதுக்கு தமிழ்ல ஒரு வீட்டுப்பேர் வேணும்னா கயல்விழியோ கண்மணியோ வைங்க, ரெண்டும் அந்தப் பேரோட மனசுக்குள்ளயே நிக்கிற பேருங்க. சம்பந்தமே இல்லாத ஒரு ஸ்டைல் பேரை ஒட்ட வைக்காதீங்கன்னு கேட்டுக்கிறேன்.

சர்டிஃபிகேட்ல கவனமா இருங்க. கசாக்ஸ்தான்ல அப்பா பேரோட 'கிசி', அதாவது 'இன்னாரோட பொண்ணு'ன்னு சேத்து எழுதுற வழக்கம் இருக்கு, நம்ம இனிஷியல் மாதிரிதான், ஆனா இந்திய பாஸ்போர்ட்ல அது எந்தக் கட்டத்துல போகும்னு முன்னாடியே முடிவு பண்ணிக்கோங்க. ரெண்டு நாடுமே இரட்டைக் குடியுரிமை தர்றது இல்ல, இந்தியக் குடியுரிமைதான்னு முடிவு பண்ணினா பொறந்து ஒரு வருஷத்துக்குள்ள இந்தியத் தூதரகத்துல பதிவு பண்ணிடுங்க. ஆங்கில ஸ்பெல்லிங் எல்லா இடத்துலயும் ஒரே மாதிரி இருக்கணும், அந்த குவிஞ்ச 'கோ'வுக்குப் புள்ளி எதுவும் வைக்காம வெறும் ஓ போட்டு எழுதுறதுதான் பிற்காலத்துல தொல்லை இல்லாதது.

கடைசியா அம்மா. தம்பி, நீங்க 'குட்டி'ன்னு சொன்னதுதான் அவங்களைக் கஷ்டப்படுத்திருக்குன்னு நினைக்கிறேன், 'கன்னு'ன்னு சொல்லியிருந்தா பாதி வருத்தம் வந்தே இருக்காது. தொல்காப்பியம் மரபியல்லயே யானை, குதிரை, மான் இதுங்களோட இளமைக்குக் கன்றுன்னு பேர் சொல்லிட்டு, ஒட்டகத்தையும் அந்தக் கூட்டத்துல சேத்திருக்கு. சிறுபாணாற்றுப்படைல கடல் அலை கொண்டுவந்து போட்ட வாசனை மரக்கட்டைங்க, படுத்துத் தூங்குற ஒட்டகம் மாதிரி கிடக்குன்னு ஒரு உவமையே வருது. கூடாரத்துக்குள்ள இடம் கேட்ட ஒட்டகக் கதை மட்டும்தான் நமக்குத் தெரிஞ்ச ஒட்டகம்னு இல்ல.

அடுத்த வீடியோ கால்ல அர்த்தத்தை எடுத்ததும் சொல்லாதீங்க. முதல்ல ஒரு பொத்தாவோட முகம் மட்டும் தெரியுற போட்டோ அனுப்புங்க, கண்ணு பெருசா தெரியணும், அப்புறம் குழந்தை முழிச்சிருக்கிறப்ப அவ கண்ணைக் காட்டுங்க. அங்க பேர் வைக்கிறப்ப பெரியவர் ஒருத்தர் பாங்கு சொல்லி குழந்தை காதுல மூணு தடவை பேரைச் சொல்லுவார், நம்ம வீட்டுலயும் மூணு தடவைதான் காதுல சொல்றோம். அது நடந்து முடிஞ்சிருந்தாலும் பரவால்ல, 40ஆம் நாள் 40 கரண்டி தண்ணி ஊத்திக் குளிப்பாட்டுற சடங்குக்கு அம்மாவை லைன்ல எடுங்க, போனைக் குழந்தை காதுகிட்ட பிடிங்க, கண்மணின்னு அவங்க மூணு தடவை சொல்லட்டும், பக்கத்துல நின்னு மாமியார் பொத்தாகோஸ்னு சொல்லட்டும்.