சமவாய்ப்பு மாறி: தனிநிலையா, தொடரா? வாசகர் கேள்விகளுக்குப் பதில்கள்

பொதுத்தேர்வு நெருங்குகிறது போலிருக்கிறது. வந்த கடிதங்களில் பாதிக்கு மேல் இந்த ஒரு விஷயத்தைப் பற்றித்தான். சமவாய்ப்பு மாறி X என்றால் தற்செயலாக அமையும் ஓர் எண். அதன் மதிப்புகளை ஒவ்வொன்றாக எண்ணிப் பட்டியலிடலாம் என்றால் தனிநிலை, ஓர் இடைவெளியில் எந்த மதிப்பும் வரலாம் என்றால் தொடர்.

பல்ப் கணக்கு வந்தால் அது தனிநிலையா, தொடரா?

பல்ப் ஒரு மாறி இல்லை. அதில் எதைக் கணக்கெடுக்கிறோம் என்பதுதான் மாறி. ஒரு பெட்டியில் உள்ள 20 பல்புகளில் எத்தனை பழுது என்றால் 0 முதல் 20 வரை, தனிநிலை. ஒரு பல்ப் எத்தனை மணி நேரம் எரியும் என்றால் தொடர். கேள்வியைப் பாதியில் விட்டுவிட்டு விடை மட்டும் கேட்டால் எப்படி? X எதைக் குறிக்கிறது என்று முதல் வரியில் எழுதுங்கள். அதற்கப்புறம்தான் மற்றதெல்லாம்.

முதல் தலை விழும்வரை நாணயத்தைச் சுண்டுகிறோம். எத்தனை முறை சுண்டுவோம் என்பதற்கு மேல் எல்லையே இல்லை. அப்படியானால் தொடர் மாறிதானே?

இல்லை. 1, 2, 3 என்று வரிசையாக எண்ணிக்கொண்டே போகலாம், அதுபோதும். நிகழ்தகவுகள் 1/2, 1/4, 1/8... எல்லாம் கூட்டினால் 1. தனிநிலை.

“மதிப்பில் தசமப் புள்ளி வந்தால் தொடர், முழு எண் வந்தால் தனிநிலை” என்று எங்கள் கைடில் போட்டிருக்கிறது. அப்படியே எழுதலாமா?

எழுதாதீர்கள். வருடம் தவறாமல் இந்தக் கடிதம் வருகிறது, வருடம் தவறாமல் எனக்குக் கோபமும் வருகிறது. மனப்பாடம் செய்ய எளிது என்பதற்காகத் தவறான ஒன்றைப் பிள்ளைகள் கையில் கொடுக்கலாமா?

இரண்டு பகடைகளை உருட்டி, விழுந்த எண்களின் சராசரியை X என்று வையுங்கள். 1, 1.5, 2, 2.5 என்று 6 வரை மொத்தம் 11 மதிப்புகள். புள்ளி இருக்கிறது. ஆனால் 1.5க்கும் 2க்கும் நடுவில் X ஒருநாளும் விழாது. தனிநிலை. 40 பேர் படிக்கும் வகுப்பில் தேர்ச்சி பெற்றவர்களின் விகிதம் 0.025, 0.025 ஆகத்தான் ஏறும். அதற்கு மூன்று தசம இடம் இருந்தாலும் தனிநிலைதான். கடையில் ஷூ அளவு 7, 7.5 என்று இருக்கும், 7.23 கிடையாது. அந்த ஷூவுக்குள் போகும் பாதத்தின் நீளமோ தொடர்.

மறுபக்கமும் பாருங்கள். நிறைவடைந்த வயது என்றால் 17, 18 என்று தாவும், தனிநிலை. பிறந்த நொடியிலிருந்து கடந்த காலம் என்றால் தொடர். கடிகாரம் நொடியோடு நின்றுவிடுவதால் காலம் தனிநிலை ஆகிவிடாது. கருவி எவ்வளவு நுணுக்கமாக அளக்கிறது என்பது வேறு, மாறியின் தன்மை வேறு.

ஆகவே புள்ளியைத் தேடாதீர்கள். X எதைக் குறிக்கிறது என்று எழுதி, அது எடுக்கக்கூடிய மதிப்புகளைப் பட்டியல் போட முயலுங்கள். போட முடிந்தால் தனிநிலை, கூட்டல் வரும். எந்தத் தனிப் புள்ளியிலும் நிகழ்தகவு தங்காமல் ஓர் இடைவெளி முழுக்க அடர்த்தியாகப் பரவியிருந்தால் தொடர், தொகையிடல் வரும். இந்தக் கைடு விதியை நம்பி, கூட்ட வேண்டிய இடத்தில் தொகையிட்டுவிட்டு நல்ல மாணவர்கள் மதிப்பெண்ணை இழக்கிறார்கள். எனக்கு வருத்தம் அதுதான்.

f(x) = 2 என்று வந்துவிட்டது. நிகழ்தகவு 1ஐத் தாண்டலாமா?

தாண்டாது. f(x) அடர்த்தி, நிகழ்தகவு இல்லை. 0 முதல் 0.5 வரை சீராகப் பரவினால் உயரம் 2, பரப்பு 1. பரப்புதான் நிகழ்தகவு, அதைப் பாருங்கள்.

தொடர் மாறி என்றால் P(X = 165) = 0 என்கிறார்கள். 165 செ.மீ. உயரம் உள்ளவர்களே கிடையாதா?

நாம் 165 என்று சொல்வது 164.5க்கும் 165.5க்கும் இடையில் எங்கோ ஒரு இடத்தை. அந்த இடைவெளிக்கு நிகழ்தகவு உண்டு. துல்லியமாக ஒரே புள்ளி என்றால்தான் பூஜ்யம். பூஜ்யம் என்பதால் நடக்கவே முடியாது என்றும் ஆகாது. ஒவ்வொருவரின் உயரமும் ஏதாவது ஒரு புள்ளியில்தானே இருக்கிறது!

ஒரு நாளில் பெய்யும் மழையளவு தொடர் மாறியா?

நல்ல கேள்வி. யோசித்துக் கேட்டிருக்கிறார். பெய்தால் எந்த அளவும் பெய்யலாம், அந்தப் பகுதி தொடர். ஆனால் சித்திரையில் பெரும்பாலான நாட்களில் மழையே இல்லை, அதாவது 0 என்ற ஒரே புள்ளியில் பெரிய நிகழ்தகவு குவிந்து கிடக்கிறது. அது 0.9 என்று வைத்துக்கொண்டால், குவிவுப் பரவல் சார்பு (X ஓர் அளவாகவோ அதற்குக் குறைவாகவோ இருக்கும் நிகழ்தகவு) 0இல் ஒரே தாவலாக 0.9க்கு ஏறி, பிறகு மெல்ல 1ஐ நோக்கிப் போகும். இது கலப்பு மாறி. எல்லா மாறியையும் இரண்டே பெட்டியில் அடைக்க முடியாது. இந்திய வானிலை ஆய்வுத் துறை 2.5 மி.மீ. அல்லது அதற்கு மேல் பெய்தால் அதை மழை நாள் என்று கணக்கிடுகிறது. மாதத்தில் எத்தனை மழை நாட்கள் என்று கேட்டால் அது தனிநிலை. மழைமானி ஒன்றுதான், X மாறிவிட்டது.

பாய்சான் பரவலில் நேரம் வருகிறதே, அது தொடர் இல்லையா?

நேரம் அங்கே சன்னல் மட்டும், அதாவது எண்ணுவதற்கு எடுத்துக்கொண்ட கால அளவு. X அதற்குள் வந்த எண்ணிக்கை. 1910இல் இயற்பியலாளர்கள் ரூதர்போர்டும் கைகரும் பொலோனியத்திலிருந்து வரும் ஆல்ஃபா துகள்களை 7.5 நொடிச் சன்னல்களில் எண்ணினார்கள். சுமார் 2,600 சன்னல்கள், சராசரி ஏறக்குறைய 4. எண்ணிக்கைகள் பாய்சானுக்கு நன்றாகப் பொருந்தின. அடுத்தடுத்த இரண்டு துகள்களுக்கு இடையே உள்ள நேரத்தை X என்று வைத்தால் அது தொடர், அடுக்குக்குறிப் பரவல். மறுபடியும் சொல்கிறேன், X என்ன என்று எழுதுங்கள்.

ஈருறுப்புப் பரவலுக்கு இயல்நிலைப் பரவலைப் பயன்படுத்தும்போது அந்த 0.5 அவசியமா?

அவசியம். ஈருறுப்பு எண்ணிக்கை முழு எண்களில் தாவும், இயல்நிலையோ தொடர். அதனால் 60 என்பதை 59.5 முதல் 60.5 வரை என்று எடுக்கிறோம். 100 முறை சுண்டி 60 அல்லது அதற்கு மேல் தலை விழ உண்மையான நிகழ்தகவு சுமார் 2.8%. இயல்நிலையில் 60இலிருந்து அளந்தால் 2.3% வரும், 59.5இலிருந்து அளந்தால் 2.9% வரும்.