வாள்பல் பூனை முதல் வால்பாறைச் சிறுத்தை வரை: கேள்வி பதில்

பெரிய வேட்டை விலங்குகளைப் பற்றி எது வேண்டுமானாலும் கேளுங்கள், இன்று இருப்பதும் சரி, என்றோ அழிந்ததும் சரி என்று சொல்லியிருந்தேன். வந்ததில் பாதி ‘எது ஜெயிக்கும்’ ரகம். அதை முதலில் முடித்துவிடுகிறேன்.

பிரவீன், சேலம் (இதையே கேட்ட இன்னும் பலரும்): அண்ணா, புலிக்கும் சிங்கத்துக்கும் சண்டை வந்தால் யார் ஜெயிப்பார்கள்? ஆளுக்கு ஒன்று சொல்கிறார்கள்.

எடை மட்டும்தான் கணக்கு என்றால் புலி. ஆண் வங்கப் புலி 200 கிலோவைச் சாதாரணமாகத் தாண்டும். ஆப்பிரிக்க ஆண் சிங்கம் பெரும்பாலும் அதற்குச் சற்றுக் கீழே, கிர் சிங்கம் இன்னும் கொஞ்சம் கீழே. ஆனால் காட்டில் யாரும் எடை பார்த்து மோதுவதில்லை. புலி தனியாள். முன்னங்கால் ஒன்று பிசகினாலும் வேட்டை போயிற்று, சாப்பாடு போயிற்று. கொண்டுவந்து போட ஆள் கிடையாது. நல்ல உடம்போடு இருக்கும்போதே அதன் பாய்ச்சல்களில் பெரும்பாலானவை வீண்தான். அதனால் ஆதாயம் இல்லாத சண்டை என்றால் ஒதுங்கிப் போய்விடும். சிங்கத்துக்குக் கூட்டம் உண்டு. ஆண் சிங்கத்தின் பிழைப்பே மற்ற ஆண்களை விரட்டுவதில்தான் இருக்கிறது.

இரண்டும் வட இந்தியாவில் ஒரே காலத்தில் வாழ்ந்தவைதான். புலி அடர்காட்டில், சிங்கம் புதர்க்காட்டிலும் திறந்த வெளியிலும் என்று ஆளுக்கொரு பக்கம் இருந்தன. இனி ‘எது ஜெயிக்கும்’ என்று யார் கேட்டாலும் நான் திருப்பிக் கேட்கப்போவது ஒன்றுதான்: அது என்ன தின்கிறது?

நந்தினி, கோவை: வாள்பல் புலிதான் இன்றைய புலியின் மூதாதையா சார்? அவ்வளவு நீளப் பல்லை வைத்துக்கொண்டு எப்படிச் சாப்பிட்டது?

மூதாதை இல்லை, புலியும் இல்லை. பூனைக் குடும்பத்தில் வெகு காலத்துக்கு முன்பே பிரிந்துபோய், வாரிசு இல்லாமல் முடிந்துவிட்ட கிளை அது. அதனால் நான் வாள்பல் பூனை என்றே எழுதுகிறேன். அதில் பிரபலமானது ஸ்மைலோடான். தென் அமெரிக்காவில் வாழ்ந்த பெரிய இனம் 400 கிலோ வரை இருந்திருக்கலாம் என்று கணக்கிடுகிறார்கள். அதன் கோரைப்பல் வேரோடு சேர்த்து 28 சென்டிமீட்டர் வரை வரும்.

அந்தப் பல்லின் வார்ப்பு எங்காவது கிடைத்தால் நீளத்தைப் பார்க்காதீர்கள், குறுக்குவாட்டில் பாருங்கள். புலியின் கோரைப்பல் கிட்டத்தட்ட உருண்டை. இரை திமிறினாலும், எலும்பில் இடித்தாலும் தாங்கும். ஸ்மைலோடானுடையது பக்கவாட்டில் தட்டையானது. ஓரத்தில் விரல் வைத்து உருவினால் கருக்கரிவாள் மாதிரி நுண்ணிய பற்கள் தட்டுப்படும். இது அறுக்கிற கருவி, பிடிக்கிற கருவி அல்ல. இரை ஒரு திருப்புத் திருப்பினால் ஒடிந்துவிடும்.

அப்போது இரையை எதை வைத்துப் பிடித்தது? முன்னங்கால்களை வைத்து. அந்த எலும்புகளின் சுவர் மற்ற பூனைகளுடையதைவிட நல்ல தடிமன். இரையைக் கீழே தள்ளி, ஆடாமல் அசையாமல் அமுக்கிவைத்து, வாயைச் சுமார் 120 டிகிரி வரை பிளந்து, தொண்டையில் ஒரே வெட்டு. தாடையின் பலம் சிங்கத்தோடு ஒப்பிட்டால் குறைவுதான். கழுத்துத் தசைதான் தலையைக் கீழே இழுத்து வேலையை முடித்தது.

இவ்வளவு தெரிவதற்குக் காரணம் லாஸ் ஏஞ்சலஸ் நகரத்துக்குள்ளேயே இருக்கும் லா பிரியா தார்க்குழிகள். நிலத்தடியிலிருந்து கசிந்த கீல், மேலே இலையும் தூசியும் படிந்து, பார்த்தால் தரை மாதிரியே கிடக்கும். காட்டெருமை ஒன்று கால் வைத்துச் சிக்கும், கத்தும். அந்தச் சத்தத்துக்கு வருகிறவை எல்லாம் சிக்கும். வழக்கமாக ஒரு காட்டில் இரை நிறைய, வேட்டை விலங்கு கொஞ்சம். அந்தக் குழிகளில் தலைகீழ்: பெரிய பாலூட்டிகளின் எலும்புகளில் பெரும்பகுதி மாமிச உண்ணிகளுடையது. ஸ்மைலோடான் மட்டுமே 2,000-க்கு மேல்.

சுமார் 10,000 ஆண்டுகளுக்கு முன் அது அழிந்தது. மனிதன் காரணமா, பருவநிலை காரணமா என்ற வழக்கு இன்னும் நடக்கிறது. ஆனால் அதே காலத்தில் அமெரிக்கக் கண்டத்தின் குதிரைகள், ஒட்டகங்கள், நிலத்தில் வாழ்ந்த ராட்சத ஸ்லாத் விலங்குகள் எல்லாமே போய்விட்டன. பெரிய இரையை அறுக்கவென்றே செய்த கத்தியை வைத்துக்கொண்டு முயல் பிடிக்க முடியுமா? பக்கத்திலேயே வாழ்ந்த பூமா கிடைத்ததைத் தின்று பிழைத்துக்கொண்டது.

ஹரிஷ், பெங்களூரு: டயர் ஓநாயைத் திரும்பக் கொண்டுவந்துவிட்டார்களாமே?

வரவில்லை. டயர் ஓநாய் என்பது அமெரிக்கக் கண்டத்தில் வாழ்ந்து அழிந்துபோன பெரிய ஓநாய். 2025 ஏப்ரலில் கொலோசல் என்ற அமெரிக்க நிறுவனம் மூன்று குட்டிகளைக் காட்டியது. அவை சாம்பல் ஓநாயின் செல்லில், 14 மரபணுக்களில் 20 மாற்றங்கள் செய்து உருவாக்கியவை. 2021-ல் வெளிவந்த மரபணு ஆய்வின்படி, டயர் ஓநாயின் வழி மற்ற ஓநாய்களிடமிருந்து 50 லட்சம் ஆண்டுகளுக்கும் முன்பே பிரிந்துவிட்டது. அத்தனை காலத்து வித்தியாசம் 20 திருத்தத்தில் அடங்காது. தொழில்நுட்பம் கெட்டிக்காரத்தனமானது, மறுக்கவில்லை. குட்டிகள் வெள்ளை வெளேரென்று அழகாகவும் இருக்கின்றன. ஆனால் அவை மாற்றியமைத்த சாம்பல் ஓநாய்கள். லா பிரியாவில் கிடைத்த 4,000-க்கும் மேற்பட்ட டயர் ஓநாய்களோடு அவற்றைச் சேர்த்து எண்ண முடியாது.

செல்வம், தூத்துக்குடி: மெகலோடான் சுறா ஆழ்கடலில் இன்னும் இருக்க வாய்ப்பு உண்டுதானே? சீலகாந்த் மீன் அழிந்துவிட்டது என்றார்கள், 1938-ல் கிடைக்கவில்லையா?

நல்ல வாதம், ஆனால் மெகலோடானுக்குப் பொருந்தாது. சீலகாந்த் ஆழத்தில், பாறை இடுக்கில் ஒதுங்கி வாழ்கிற மீன். மெகலோடான் வாழ்ந்தது வெதுவெதுப்பான கடலில், உணவு திமிங்கிலமும் மற்ற பெரிய கடல் விலங்குகளும். அதன் பல் வெட்டிய தடம் திமிங்கில எலும்புப் படிவங்களில் இருக்கிறது. இருட்டும் குளிருமான ஆழ்கடலில் அந்த உடம்புக்குத் தீனி போட என்ன இருக்கிறது? திமிங்கிலம் மூச்சுவிட மேலே வந்தாக வேண்டும். அதைத் தின்கிறதும் மேலேதான் வந்தாக வேண்டும்.

இன்னொன்று பல். சுறா வாழ்நாள் முழுக்கப் பல்லை உதிர்த்துக்கொண்டே இருக்கும், ஒரு சுறாவுக்கே ஆயிரக்கணக்கில். மெகலோடானின் பற்கள் உள்ளங்கையை மறைக்கும் அளவில் உலகம் முழுக்கக் கிடைக்கின்றன. சுமார் 36 லட்சம் ஆண்டுகளுக்குப் பிந்தைய பல் மட்டும் நம்பகமாக ஒன்றுகூட இல்லை. அந்தச் சுறா உயிரோடு இருந்தால் உங்கள் ஊர் இழுவலையில் எப்போதோ ஒரு பல் ஏறியிருக்கும்.

அதன் நீளத்தையும் கொஞ்சம் சந்தேகத்தோடு படியுங்கள். சுறாவுக்குக் குருத்தெலும்பு, அது அநேகமாகப் படிவமாவதில்லை. பல்லையும் சில முதுகெலும்புத் துண்டுகளையும் வைத்து 15 மீட்டர் என்பார்கள், 20 என்பார்கள், 2025-ல் 24 வரை போனார்கள்.

தர்ஷினி, யாழ்ப்பாணம்: ஐயா, நான் ஆசிரியை. கொடியில் சிங்கம் இருக்குது, காட்டில் இல்லையே என்று பிள்ளைகள் கேட்கினம். இலங்கையில் உண்மையிலேயே சிங்கம் இருந்ததா?

கொடிக் கதையை வரலாறு படித்தவர்களிடம் விட்டுவிடுகிறேன் டீச்சர், எலும்புக் கதையைச் சொல்கிறேன். இருந்தது. இரத்தினபுரிப் பக்கம் குருவிட்டவில் கிடைத்த பற்களை வைத்து, 1939-ல் இலங்கை ஆய்வாளர் தெரணியகல அதைத் தனிச் சிங்கத் துணையினமாக விவரித்தார். மனிதன் அங்கே சிங்கக்கொடி பிடிப்பதற்குப் பல்லாயிரம் ஆண்டுகளுக்கு முன்பே அது அழிந்துவிட்டது. பிள்ளைகளுக்கு இன்னொரு ஆச்சரியமும் சொல்லுங்கள்: புலியின் படிவங்களும் இலங்கையில் கிடைத்திருக்கின்றன. கடல் மட்டம் தாழ்ந்திருந்தபோது இந்தியாவும் இலங்கையும் ஒரே நிலமாக இருந்ததால் விலங்குகள் நடந்தே வந்தன.

அவை போன பிறகு அங்கே பெரிய ஆள் சிறுத்தைதான். முதுமலையில் சிறுத்தை எப்போதும் புலிக்கும் செந்நாய்க்கும் பயந்து பயந்து வாழ வேண்டும், கொன்ற இரையை மரத்தில் ஏற்றியாவது காப்பாற்ற வேண்டும். இலங்கையின் யால, வில்பத்து காடுகளில் அந்தத் தொல்லை இல்லை. அங்கே அதற்கு முதலையைத் தவிரப் பெரிய போட்டி கிடையாது.

மணிகண்டன், அரியலூர்: எங்கள் ஊரில் டைனோசர் கிடைத்தது என்கிறார்களே, அது வேட்டையாடுகிற வகையா?

முதலில் அப்படித்தான் அறிவித்தார்கள்! கல்லமேடு கிராமத்துப் பக்கம் கிடைத்த பிரம்மாண்டமான எலும்புகளுக்கு 1987-ல் யாதகிரியும் அய்யாசாமியும் ‘பிருஹத்காயோசாரஸ்’ என்று பெயர் வைத்தபோது, மாமிச உண்ணி டைனோசர் கூட்டத்தில்தான் சேர்த்தார்கள். காலெலும்பு ஒன்று மட்டுமே இரண்டு மீட்டர் நீளம். அந்த அளவில் ஒரு வேட்டை விலங்கு நடமாட வேண்டுமானால் அதற்குத் தினமும் என்ன கிடைத்திருக்கும் என்று யோசித்தாலே இடிக்கும். பின்னால் வந்தவர்கள் அதை நீளக் கழுத்துத் தாவர உண்ணியாக மாற்றிவைத்தார்கள். சோகம் என்னவென்றால் எலும்புகள் மிகவும் நொய்ந்தவை, உதிர்ந்தே போய்விட்டன. இப்போது படங்களையும் வரைபடங்களையும் வைத்துத்தான் வாதம் நடக்கிறது.

வேட்டை டைனோசர்தான் வேண்டும் என்றால் குஜராத் போக வேண்டும். ராகியோலியில் கிடைத்து 2003-ல் விவரிக்கப்பட்ட ராஜாசாரஸ், தலையில் குட்டைக் கொம்போடு இருந்த நல்ல முரட்டு ஆள்.

இர்ஃபான், வேலூர்: டி ரெக்ஸ் கடி பலமா, முதலைக் கடி பலமா?

இன்று வாழ்பவற்றில் கருவி வைத்து அளந்ததில் உவர்நீர் முதலைக்குத்தான் முதலிடம், சுமார் 16,000 நியூட்டன். டி ரெக்ஸுக்கு மண்டையோட்டை வைத்துக் கணித்த ஓர் ஆய்வில் எண்ணிக்கை 35,000-இல் தொடங்குகிறது. எண்ணைவிட எனக்குப் பிடித்த சாட்சி வேறு. கனடாவின் சஸ்காட்செவனில் 44 சென்டிமீட்டர் நீளப் புதைபடிவச் சாணம் ஒன்று கிடைத்தது. உள்ளே முழுக்க நொறுங்கிய எலும்புத் துண்டுகள். போட்டது டி ரெக்ஸாகத்தான் இருக்க வேண்டும் என்கிறார்கள். பூனைகள் இறைச்சியைச் சீவித் தின்னும். இது எலும்போடு சேர்த்து நொறுக்கி விழுங்கியிருக்கிறது.

கலைவாணி, மதுரை: ஒரு தடவை மனித ரத்த ருசி கண்டால் புலி விடாது என்பது உண்மையா?

ருசியைவிடப் பல்லைப் பார்க்க வேண்டும். 436 பேரைக் கொன்றதாகக் கணக்கில் உள்ள சம்பாவத் பெண் புலியை 1907-ல் குமாவுனில் ஜிம் கார்பெட் சுட்டபோது, அதன் வலப்பக்கக் கோரைப்பற்கள் மேலும் கீழும் உடைந்திருந்தன. பழைய துப்பாக்கிக் காயம் என்பது அவர் முடிவு. வழக்கமான இரையைப் பிடித்து முடிக்க அதால் ஆகவில்லை.

கென்யாவில் 1898-ல் ரயில் பாலம் கட்டிய இந்தியத் தொழிலாளர்களைத் தூக்கிப்போன ட்சாவோ சிங்கங்களும் இதே கதைதான். இரண்டில் ஒன்றுக்குக் கோரைப்பல் வேரில் சீழ். இரண்டும் இப்போது சிகாகோ ஃபீல்டு அருங்காட்சியகத்தில் இருக்கின்றன. உடைந்த பற்களின் குழியில் அடைந்துகிடந்த முடிகளை எடுத்துப் பார்த்து 2024-ல் வெளியிட்டார்கள்: மனிதனோடு ஒட்டகச்சிவிங்கி, வரிக்குதிரை முடிகளும் இருந்தன. ஆக மனிதனை மட்டுமே தேடி அலையவில்லை. கிடைத்த பல விஷயங்களில் மனிதனும் ஒன்று.

ரேவதி, வால்பாறை: அண்ணா, எஸ்டேட் லைனில் இருக்கிறோம். சாயங்காலம் சிறுத்தை நடமாட்டம். என்ன செய்வது?

இங்கேதான் நிஜமான ஆபத்து என்பதால் நேரடியாகச் சொல்கிறேன். இருட்டிய பிறகு பிள்ளைகள் தனியாக வெளியே போகக் கூடாது, பாத்ரூம் போவதானாலும் பெரியவர் ஒருவர் டார்ச்சோடு கூடப் போகட்டும். தேயிலைப் புதரோரம் குனிந்தோ குத்துக்காலிட்டோ இருக்காதீர்கள். உயரம் குறைந்தால் சிறுத்தைக்கு நாம் ஆடு மாதிரிதான் தெரிவோம். நடக்கும்போது சத்தமாகப் பேசிக்கொண்டே நடங்கள். எதிரில் பார்த்துவிட்டால் ஓடக் கூடாது, முதுகு காட்டக் கூடாது. பிள்ளையைத் தூக்கிக்கொண்டு, கையை உயர்த்திச் சத்தம் போட்டபடி மெல்லப் பின்னால் நகருங்கள்.

கோழிக்கழிவு, மாட்டிறைச்சிக் கழிவை லைன் ஓரத்தில் கொட்டவிடாதீர்கள். கழிவுக்கு நாய் வரும், நாய்க்குச் சிறுத்தை வரும். வனத்துறைக்குச் சொல்வதானால் எந்த இடம், எத்தனை மணி என்று குறித்துச் சொன்னால்தான் அவர்களுக்கும் உதவும்.

ஜோயல், நாகர்கோவில்: இன்றைக்கு உலகத்திலேயே பெரிய வேட்டைக்காரன் யார்?

உருவத்தில் என்றால் எண்ணெய்த் திமிங்கிலம், ஆனால் அது தின்பது பெரும்பாலும் கணவாய். பெரிய விலங்கையே அடிக்கிற ஆள் வேண்டும் என்றால் ஓர்கா, அதாவது கொலைத் திமிங்கிலம். தென்னாப்பிரிக்கக் கரையில் 2017 முதல் ஓர்காக்கள் வெள்ளைச் சுறாவைக் கொன்று ஈரலை மட்டும் எடுத்துக்கொண்டு மிச்சத்தை விட்டுவிட்டுப் போகின்றன. கொழுப்பு அங்கேதான் இருக்கிறது என்று அவற்றுக்குத் தெரியும்.

கவிதா, திருச்சி: பையனுக்கு லீவு. புதைபடிவம் பார்க்க எங்கே கூட்டிப்போகலாம்?

உங்களுக்குப் பக்கத்திலேயே இருக்கிறது. அரியலூர் மாவட்டம் வாரணவாசியில் புதைபடிவ அருங்காட்சியகம், பெரம்பலூர் மாவட்டம் சாத்தனூரில் கல்மரம். இரண்டையும் ஒரே நாளில் முடிக்கலாம். பையனிடம் முன்கூட்டியே சொல்லிவிடுங்கள், ராட்சத மண்டையோடு எதுவும் எதிர்பார்க்க வேண்டாம். அந்தப் பகுதி டைனோசர் காலத்தில் கடல், அதிகம் கிடைப்பது அம்மோனைட் என்ற சுருள்கூட்டுக் கடலுயிரியும் சிப்பியும்தான். வெயில் காலமானால் தொப்பியும் தண்ணீரும் மறக்காதீர்கள், சாத்தனூரில் கடை கண்ணி அவ்வளவாகக் கிடையாது.