கௌபாய் கதைகளும் இரண்டு கார்சன்களும்

“கௌபாய் கதை என்றாலே வெள்ளைக்காரன் குதிரையில் வந்து செவ்விந்தியர்களைச் சுட்டுத் தள்ளுவதுதானே, விவரம் தெரிந்த பிறகும் அதை எப்படி ரசித்துப் படிக்கிறீர்கள்?” என்று கேட்டிருக்கிறீர்கள். நியாயமான கேள்வி. எனக்குள்ளேயே பல வருடம் ஓடிக்கொண்டிருந்த கேள்வியும்கூட.

சாத்தூரில் என் சின்ன மாமாவிடம் ஒரு தகரப் பெட்டி உண்டு. திறந்தால் அந்துருண்டை வாசனையும் பழைய நியூஸ்பிரிண்ட் வாசனையும் சேர்ந்து அடிக்கும். உள்ளே லயன், முத்து காமிக்ஸ்கள் கட்டுக் கட்டாக இருக்கும். கை கழுவிவிட்டு வந்தால்தான் ஒன்றை எடுத்துத் தருவார். மஞ்சள் சட்டை போட்ட கௌபாய் நாயகன் டெக்ஸ் வில்லரை நான் முதலில் பார்த்தது அந்தப் பெட்டியில்தான். அட்டையில் மட்டும்தான் மஞ்சள், உள்ளே முழுக்கக் கறுப்பு வெள்ளை. மூன்று விரல் தடிமனில் வறுத்த கறியும் மலைபோல உருளைக்கிழங்கு வறுவலும் கேட்டு டெக்ஸும் அவர் நண்பர் கார்சனும் ஹோட்டலில் உட்காரும் பக்கம் வந்தால் எனக்குப் பசி எடுத்துவிடும். சரி, விஷயத்துக்கு வருகிறேன்.

நீங்கள் சொல்கிற மாதிரிக் கதைகள் இருக்கின்றன. ஏராளமாக இருக்கின்றன. ஹாலிவுட் பல பத்தாண்டுகள் அதைத்தான் செய்தது. குன்றின் மேல் வரிசையாகக் குதிரைகள், ஒரு கூச்சல், பிறகு சுடப்பட்டு விழும் பெயரில்லாத மனிதர்கள். அந்தக் கதைகளுக்காக நான் வாதாட வரவில்லை. ஆனால் தமிழில் நாம் கௌபாய் என்று படித்து வளர்ந்ததில் பெரும்பகுதி அமெரிக்காவில் உருவானதே இல்லை. டெக்ஸ் வில்லர் இத்தாலியில் உருவானவர். லக்கி லூக்கை வரைந்த மோரிஸ் பெல்ஜியத்துக்காரர். நம் கேப்டன் டைகர், அதாவது அசலில் ப்ளூபெர்ரி, பிரெஞ்சில் எழுதி வரையப்பட்டவர். இவர்கள் வெளியிலிருந்து அந்த நாட்டைப் பார்த்தவர்கள். அதனால் சில விஷயங்கள் தப்பாக வந்தன, சில விஷயங்கள் சரியாக வந்தன.

டெக்ஸ் வெளிவந்தது 1948 செப்டம்பர் 30. எழுதியவர் ஜியான் லூய்ஜி பொனெல்லி, வரைந்தவர் அவுரேலியோ கல்லெப்பினி. கையகலத்தில் நீளவாட்டு வடிவில் மெலிதான சின்னப் புத்தகம். அவர்கள் பெரிதும் நம்பியிருந்தது வேறொரு தொடரை. கல்லெப்பினி பகலில் அதை வரைந்துவிட்டு, ராத்திரியில் மிச்ச நேரத்தில் டெக்ஸை வரைந்தார். அந்தத் தொடர் சீக்கிரமே நின்றுபோனது. டெக்ஸ் இன்றுவரை நிற்கவில்லை.

அந்த டெக்ஸ் ஆரம்பக் கதைகளிலேயே நவஹோ என்ற செவ்விந்தியப் பழங்குடியினரிடம் மாட்டிக்கொள்கிறார். கம்பத்தில் கட்டிவைத்துக் கொல்லப் போகிறார்கள். தலைவரின் மகள் லிலித் முன்னால் வந்து, இவனை நான் கணவனாக ஏற்கிறேன் என்று சொல்லி உயிரைக் காப்பாற்றுகிறாள். பிறகு அவர் அந்த மக்களின் தலைவராகவும் ஆகிறார். ‘இரவுக் கழுகு’ என்ற பெயர் அவர்கள் வைத்ததுதான். அவர் மகன் கிட் பாதி நவஹோ, கூடவே சவாரி செய்யும் டைகர் ஜாக் முழு நவஹோ. டெக்ஸ், கார்சன், கிட், டைகர் ஜாக் என்ற நால்வர் அணியில் பாதி அந்தப் பக்கம். அந்தக் காலத்திலேயே இதை எழுதியிருக்கிறார்கள் என்பதை யோசித்துப் பாருங்கள்.

லிலித் எப்படிச் செத்தாள் என்பது பல வருடம் கழித்துத்தான் கதையில் விரிவாக வருகிறது. அம்மை நோயாளிகள் போர்த்தியிருந்த கம்பளிகளைத் தெரிந்தே நவஹோக்களுக்கு விற்கிறார்கள் வெள்ளை வியாபாரிகள். முகாமே காலியாகிறது, லிலித்தும் போகிறாள். டெக்ஸ் வருடக்கணக்கில் அந்த ஆட்களைத் தேடிப் போகிறார். முதலில் படித்தபோது இது கதைக்காகச் செய்த கற்பனை என்றுதான் நினைத்தேன். ஆனால் நிஜத்திலும் இப்படி நடந்திருக்கிறது. 1763இல், பிரிட்டிஷ்காரர்களின் பிட் கோட்டை முற்றுகையின்போது, பேச்சுக்கு வந்த டெலவேர் பழங்குடிப் பிரதிநிதிகளிடம் அம்மை ஆஸ்பத்திரியிலிருந்து எடுத்த இரண்டு கம்பளியும் ஒரு கைக்குட்டையும் கொடுத்து அனுப்பினார்கள். கோட்டையிலிருந்த வியாபாரி ஒருவரே அதைத் தன் நாட்குறிப்பில் எழுதிவைத்திருக்கிறார். இடம் வேறு, காலம் நூறு வருடம் முந்தியது. ஆனாலும் அந்தக் கம்பளிக்கு ஒரு நிஜம் இருந்தது.

ப்ளூபெர்ரியிலும் இதே கதைதான். 1963இல் சார்லியே எழுதி ஜான் ஜிரோ வரையத் தொடங்கிய முதல் தொடரில், அபாச்சே பழங்குடியினரை வெறுக்கும் பாஸ்கம் என்ற மேஜர் வருகிறார். நிஜத்தில் பாஸ்கம் ஒரு இளம் லெப்டினன்ட். 1861 பிப்ரவரியில் அரிசோனாவின் அபாச்சே கணவாயில், ஒரு பையனைக் கடத்தியதாகச் சொல்லி, பேச வந்த அபாச்சே தலைவர் கோச்சீஸைக் கூடாரத்துக்குள் வைத்தே பிடிக்கப் பார்த்தார். அந்தக் கடத்தலைச் செய்தது கோச்சீஸின் ஆட்களே இல்லை. கோச்சீஸ் கூடாரத் துணியைக் கத்தியால் கிழித்துக்கொண்டு தப்பினார். அப்புறம் இரண்டு பக்கமும் பிணைக்கைதிகளைக் கொன்றார்கள். போர் பத்து வருடத்துக்கு மேல் நீண்டது. ஒரு அதிகாரியின் முரட்டுத்தனம் எப்படி ஒரு தலைமுறையையே எரித்தது என்பதை அந்தக் காமிக்ஸ் மறைக்கவில்லை.

இதெல்லாம் எனக்குத் தெம்பு தந்த விஷயங்கள். தெம்பைக் குலைத்த விஷயம் கார்சன்.

டெக்ஸின் உயிர் நண்பர் கிட் கார்சன், தமிழில் வெள்ளிமுடியார். எப்போதும் முனகிக்கொண்டே வருவார், ஆபத்தென்றால் முதல் ஆளாக நிற்பார். மாமாவுக்கு டெக்ஸைவிடக் கார்சனைத்தான் பிடிக்கும். கல்லூரியில் படிக்கும்போது நவஹோக்களின் வரலாற்றைத் தேடிப் படிக்க ஆரம்பித்தேன். அங்கே அதே பெயர் எனக்காகக் காத்திருந்தது.

நிஜமான கிட் கார்சன் தோலுக்காக மிருகங்களை வேட்டையாடியவர், வழிகாட்டி. எழுதப் படிக்கத் தெரியாதவர். 1863இல் அமெரிக்க ராணுவம் அவரை நவஹோக்கள் மேல் ஏவியது. பெரிய சண்டையெல்லாம் போடவில்லை. சோளக் கொல்லைகளை எரித்தார்கள், ஆடுகளைக் கொன்றார்கள், கிணறுகளைப் பாழாக்கினார்கள். கான்யன் டி ஷே என்ற செம்பாறைப் பள்ளத்தாக்கில் நவஹோக்கள் தலைமுறை தலைமுறையாக வளர்த்த ஆயிரக்கணக்கான பீச் மரங்களை அந்தப் படையெடுப்பில் வெட்டிச் சாய்த்தார்கள். பசியால் சரணடைந்த எட்டாயிரத்துக்கும் மேற்பட்டவர்களை 1864 முதல் நியூ மெக்சிகோவின் பாஸ்க் ரெடோண்டோ என்ற இடத்துக்கு நடத்தியே கொண்டுபோனார்கள். ஐந்நூறு கிலோமீட்டர் அளவுக்கு நடை. பிள்ளைத்தாய்ச்சிகளும் கிழவர்களும் வழியிலேயே விழுந்தார்கள். போய்ச் சேர்ந்த இடத்தில் ஆற்றுத் தண்ணீர் உவர்ப்பு, பயிர் புழு விழுந்து போனது. இவர்களைத்தான் டெக்ஸ் தன் மக்கள் என்கிறார். இதைச் செய்த படையின் தலைவர் பெயர்தான் அவருடைய உயிர் நண்பருக்கு.

அன்றைக்கு எனக்குச் சாப்பாடு இறங்கவில்லை. கொஞ்ச காலம் டெக்ஸ் புத்தகத்தையே தொடவில்லை.

திரும்பக் கொண்டுவந்தது இன்னொரு சம்பவம். 1849இல் நியூ மெக்சிகோவில் ஒரு வண்டித் தொடரை ஜிகாரில்லா அபாச்சேக்கள் தாக்கி, ஆன் வைட் என்ற பெண்ணைக் கைக்குழந்தையோடு பிடித்துக்கொண்டு போனார்கள். தேடிப் போன படையில் தடம் பார்த்துச் சொல்லும் ஆளாகக் கார்சனும் போனார். பல நாள் துரத்தி முகாமை எட்டியபோது, நெஞ்சில் அம்பு பாய்ந்து அந்தப் பெண் இறந்து கிடந்தாள். உடம்பில் சூடு இன்னும் ஆறவில்லை. அங்கே சிதறிக் கிடந்த சாமான்களுக்கு நடுவில் ஒரு மலிவு விலைக் கதைப் புத்தகம் கிடைத்தது. அதன் நாயகன் கிட் கார்சன். நூற்றுக்கணக்கானவர்களைக் கொன்று வீழ்த்தும் மாவீரன் கிட் கார்சன். நிஜக் கார்சனுக்குப் படிக்கத் தெரியாது. மற்றவர்கள்தான் விஷயத்தைச் சொன்னார்கள். அந்தப் பெண் இதைப் படித்திருப்பாளோ, நான் பக்கத்தில்தான் இருக்கிறேன் என்று தெரிந்து, வந்து காப்பாற்றுவேன் என்று வேண்டிக்கொண்டிருப்பாளோ என்று அடிக்கடி நினைத்ததாகப் பின்னாளில் தன் வாழ்க்கையைச் சொல்லி எழுதவைத்தபோது குறிப்பிட்டிருக்கிறார்.

இதைப் படித்த பிறகு எனக்கு ஒன்று புரிந்தது. கதைக் கார்சனும் நிஜக் கார்சனும் அந்த ஆள் உயிரோடு இருக்கும்போதே பிரிந்துவிட்டார்கள். இத்தாலிக்காரர்கள் எடுத்துக்கொண்டது நூறு வருடமாகக் கதைகளில் புழங்கிய கார்சனை. அது அவர்கள் செய்த தவறுதான், சிறிய தவறும் இல்லை. ஒரு நவஹோ வாசகர் இந்தப் பெயரைப் பார்த்தால் என்ன நினைப்பார் என்று எண்ணும்போது எனக்கு இன்னமும் கூசுகிறது. இன்னொரு குறையும் உண்டு. நவஹோக்களுக்கு நல்லது நடக்க வேண்டும் என்றால் அதையும் ஒரு வெள்ளைத் தலைவர்தான் வந்து செய்ய வேண்டியிருக்கிறது. நிஜத்தில் 1868இல் அமெரிக்க ராணுவத்தின் ஜெனரல் ஷெர்மனுக்கு எதிரே உட்கார்ந்து, எங்களை எங்கள் மண்ணுக்கே அனுப்புங்கள் என்று பேசி வென்றவர் பார்போன்சிட்டோ என்ற நவஹோ தலைவர். அந்த வருடம் ஜூன் 1 அன்று ஒப்பந்தம் கையெழுத்தானது, மிஞ்சியவர்கள் ஊர் திரும்பினார்கள். பார்போன்சிட்டோவை நாயகனாக வைத்து ஒரு காமிக்ஸ் வந்தால் வரிசையில் நின்று வாங்குவேன்.

ஒரு தீபாவளிக்கு ஊருக்குப் போனபோது மாமாவிடம் இதையெல்லாம் சொன்னேன். ரொம்ப நேரம் பேசாமல் இருந்தார். “அந்த மரத்தை ஏன் மாப்ள வெட்டினாங்க? மனுசன் கூடத்தானே சண்டை?” என்றார். சாப்பிட எதுவும் மிச்சம் இருக்கக் கூடாது என்றுதான் வெட்டினார்கள் மாமா என்றேன். பெட்டியிலிருந்து ஒரு புத்தகத்தை எடுத்து, கார்சன் வரும் பக்கத்தை விரித்து வைத்துக்கொண்டு பார்த்துக்கொண்டே இருந்தார். “இந்தக் கிழவன் அப்படிச் செய்ய மாட்டான்” என்றார் கடைசியில்.

நானும் அப்படித்தான் படிக்கிறேன். ரசிகர்கள் டெக்ஸை ‘தல’ என்றும் கேப்டன் டைகரை ‘தளபதி’ என்றும் கட்சி பிரிந்து சண்டை போடும்போது நான் ‘தல’ கட்சி. புதுப் புத்தகம் வந்தால் இப்போதும் கை கழுவிவிட்டுத்தான் பிரிக்கிறேன். கதையில் ஒரு பழங்குடியின் பெயர் வந்தால் வரைபடத்தில் அவர்கள் ஊர் எங்கே, இப்போது என்ன ஆனார்கள் என்று தேடிப் பார்க்கிறேன். இந்தப் பழக்கத்தை எனக்குக் கொடுத்ததே இந்தக் கதைகள்தான்.

நீங்கள் படித்துப் பார்க்க விரும்பினால் டெக்ஸில் லிலித்தின் மரணத்துக்குப் பழி தீர்க்கும் கதையிலிருந்து தொடங்குங்கள். கேப்டன் டைகரில் பாஸ்கம் வரும் ஆரம்பக் கதைகள். படித்துவிட்டுப் பிடிக்கவில்லை என்றாலும் வந்து சொல்லுங்கள், எந்த இடத்தில் பிடிக்கவில்லை என்று தெரிந்துகொள்ள எனக்கு ஆசை.