எழுபது வயதுக்கு மேல் திரையில் புகழ் பெற்ற நடிகை யாராவது உண்டா?

பெக்கி ஆஷ்கிராஃப்ட் என்று ஒரு பிரிட்டிஷ் நடிகை. எனக்கு அவரை அறிமுகப்படுத்தியது ஒரு ரயில்.

டேவிட் லீன் எடுத்த 'எ பாசேஜ் டு இந்தியா' (1984) படத்தில் மராபார் குகைக்குப் போகிற ரயில், நம்ம நீலகிரி மலை ரயில். மேட்டுப்பாளையத்துக்காரனுக்கு அது போதாதா? ரயில் வந்ததும் பார்த்துவிட்டு அணைத்துவிடலாம் என்றுதான் படத்தைப் போட்டேன். ரயில் வருவதற்கு வெகு முன்பே, இரவில் ஒரு மசூதிக்குள் தனியாக நிற்கும் மிஸஸ் மூர் என்ற வெள்ளைக்காரப் பாட்டி (ஆஷ்கிராஃப்ட்தான்) என்னைப் பிடித்து உட்காரவைத்துவிட்டார். செருப்பைக் கழற்ற வேண்டாமா என்று அங்கிருக்கும் இந்திய டாக்டர் அஜீஸ் சீறுகிறார். கழற்றிவிட்டேன் என்கிறார் பாட்டி. குரலில் கோபமும் இல்லை, பயமும் இல்லை. அந்த ஒரு பதிலில் அஜீஸ் அடங்கிப்போவதை நாம் நம்புகிறோம்.

அந்தப் பாத்திரத்துக்கு 1985இல் துணை நடிகைக்கான ஆஸ்கார் கிடைத்தபோது ஆஷ்கிராஃப்டுக்கு வயது 77. அந்தப் பிரிவில் அவரைவிட மூத்தவர் எவரும் இன்றுவரை வாங்கியதில்லை. விழாவுக்கு அவர் போகவில்லை. ஏஞ்சலா லான்ஸ்பரி வாங்கிக்கொண்டார். இதே பாத்திரத்துக்கு பிரிட்டனின் பாஃப்டா கொடுத்தது முதன்மை நடிகை விருது. ஊருக்கு ஊர் தராசு வேறு!

படப்பிடிப்புக்கு முன், "எனக்கு 75 வயதாகிறதே" என்று அவர் தயங்க, "எனக்கும்தான்" என்று லீன் வாயடைத்ததாக ஒரு கதை உண்டு. லீன் அவரைவிடச் சில மாதமே இளையவர்.

இவ்வளவு நாள் வீட்டில் சும்மா இருந்தவர் என்று நினைத்துவிடாதீர்கள். 1930லேயே லண்டனில் ஷேக்ஸ்பியரின் 'ஒதெல்லோ' நாடகத்தில் கறுப்பின நடிகர் பால் ராப்சன் ஒதெல்லோ, இவர் அவன் மனைவி டெஸ்டிமோனா. கறுப்பர் ஒருவரோடு மேடையில் நெருங்கி நடித்ததற்காக வசைக் கடிதங்கள் வந்தன. 1935இல் பிரிட்டனின் பெரிய நடிகர்களான கீல்குட்டும் ஒலிவியரும் மாறிமாறி ரோமியோவாக நடித்த நாடகத்தில் இவர்தான் ஜூலியட். அதே ஆண்டு ஹிட்ச்காக்கின் 'தி 39 ஸ்டெப்ஸ்' படத்தில் சில நிமிடம் வருகிறார்: கஞ்சக் கணவனிடம் மாட்டிக்கொண்ட இளம் மனைவி, தப்பி ஓடும் நாயகனுக்குக் கணவனின் கோட்டைக் கொடுத்து அனுப்புவார். படத்தில் நாயகியைவிட எனக்கு இவர்தான் நினைவில் நிற்கிறார். ஆனாலும் சினிமா அவரை எப்போதோ ஒருமுறைதான் கூப்பிட்டது. நாடகமே கதி என்று இருந்துவிட்டார்.

கதவைத் திறந்தது தொலைக்காட்சி. 1980இல் பிபிசியின் 'காட் ஆன் எ ட்ரெயின்' (அதிலும் ரயில்தான்!), இளைஞன் ஒருவனைப் பயணம் முழுக்கப் படுத்தியெடுக்கும் வியன்னாக் கிழவி. பிறகு 1984இல் கிரனாடா தொலைக்காட்சி நிறுவனத்தின் 14 பகுதித் தொடர் 'தி ஜூவல் இன் தி கிரவுன்'. ஓய்வுபெற்ற மிஷனரி ஆசிரியை பார்பி, ஓயாமல் பேசுகிறவர். சொந்த வீடு கிடையாது. அண்டியிருந்த தோழி இறந்ததும், வெள்ளைக்காரச் சமூகமே அவரை ஒதுக்கி வெளியே தள்ளுகிறது. கொஞ்சம் கொஞ்சமாகப் பேச்சும் அடங்குகிறது. பிரிட்டிஷ் ஆட்சி முடியும் காலத்தை அதிகாரிகளின் கதையில் பார்த்ததைவிட, இந்த வேண்டாத அம்மாளின் முகத்தில்தான் நான் தெளிவாகப் பார்த்தேன். ஆஸ்கார் மிஸஸ் மூருக்குப் போனது. என்னைக் கேட்டால் பார்பிதான் ஒருபடி மேல்.

1989இல் 'ஷீஸ் பீன் அவே' என்ற தொலைக்காட்சிப் படம். இளம் வயதில் மனநோய் விடுதியில் அடைக்கப்பட்டு, முதுமையில் வெளியே வரும் பெண். வசனம் மிகக் குறைவு. வெனிஸ் விழாவில் சிறந்த நடிகை விருதை, உடன் நடித்த ஜெரால்டின் ஜேம்ஸோடு பகிர்ந்துகொண்டார். 'ஜூவல்' தொடரில் சாரா லேட்டனாக வந்தாரே, அதே ஜெரால்டின். ஆஷ்கிராஃப்டுக்கு அப்போது வயது 81.