ஜார்ஜியா வருமா, டிக்கெட்டை எப்போது வாங்குவது?

கேள்வி: நாங்கள் அட்லாண்டாவுக்கு வடக்கே ஆல்ஃபரெட்டாவில் இருக்கிறோம். மகள் ஏதென்ஸில் ஜார்ஜியா பல்கலைக்கழகத்தில் முதலாண்டு படிக்கிறாள். டிசம்பரில் நடக்கும் எஸ்.இ.சி. என்ற பல்கலைக்கழகக் கூட்டணியின் சாம்பியன்ஷிப் அமெரிக்க ஃபுட்பால் ஆட்டத்துக்குக் குடும்பமாகப் போக வேண்டும் என்று இப்போதே பிடிவாதம் பிடிக்கிறாள். அந்தச் சமயத்தில் திருநெல்வேலியிலிருந்து என் அப்பாவும் வந்திருப்பார், வயது 71. எனக்குக் கிரிக்கெட் தவிர வேறு ஆட்டம் தெரியாது. எந்த அணிகள் ஆடும் என்று கேட்டால் யாருக்கும் பதில் தெரியவில்லை, ஆனால் இணையத்தில் டிக்கெட் மட்டும் விற்கிறார்கள். இப்போதே வாங்கலாமா? அப்பாவையும் அழைத்துப் போகலாமா?

பதில்: டிக்கெட் விஷயத்தை முதலில் பேசிவிடலாம், புதிதாகப் போகிறவர்கள் சறுக்குவது அங்கேதான். ஆட்டம் டிசம்பர் முதல் சனிக்கிழமை, அட்லாண்டா மெர்சிடீஸ் பென்ஸ் அரங்கத்தில். இவ்வளவுதான் முன்கூட்டியே உறுதி. ஆடப்போகிற இரண்டு அணிகள் யார் என்பது அதற்கு முந்தைய சனிக்கிழமை இரவுதான் முழுசாகத் தெரியவரும். நடுவில் ஏழே நாள். இன்று டிக்கெட் வாங்கினால், டெக்சாஸும் அலபாமாவும் மோதுவதைப் பார்க்க நேரலாம் என்பதை ஒப்புக்கொண்டுதான் வாங்க வேண்டும். உங்கள் மகளுக்கு ஜார்ஜியா ஆடினால்தான் சந்தோஷமா, இல்லை அந்தத் திருவிழாவைப் பார்த்தாலே போதுமா என்று அவளிடம் கேளுங்கள். அதை வைத்துத்தான் மற்றதெல்லாம்.

எஸ்.இ.சி. (சவுத்ஈஸ்டர்ன் கான்ஃபரன்ஸ்) என்பது தென்கிழக்கு மாநிலப் பல்கலைக்கழகங்களின் விளையாட்டுக் கூட்டணி. கான்ஃபரன்ஸ் என்ற பெயரைப் பார்த்து மாநாடு என்று நினைத்துவிடாதீர்கள். நம்மூர் லீக் போன்றது. அலபாமா, ஜார்ஜியா, ஆபர்ன், ஃபுளோரிடா, டென்னசி, எல்.எஸ்.யூ. (லூசியானா ஸ்டேட்) எனப் பழைய உறுப்பினர்கள் பலர். 2024 ஜூலையில் டெக்சாஸும் ஓக்லஹோமாவும் சேர்ந்ததும் மொத்தம் 16 ஆயிற்று. அமெரிக்கக் கல்லூரி ஃபுட்பாலில் இறுதி ஆட்டம் வைத்து லீக் சாம்பியனைத் தேர்ந்தெடுக்கும் வழக்கத்தைப் பெரிய அளவில் தொடங்கிவைத்ததே இந்தக் கூட்டணிதான். 12 அணிகள் இருந்து, இரண்டு பிரிவாக ஆடினால் கூடுதலாக ஓர் ஆட்டம் வைத்துக்கொள்ளலாம் என்று ஒரு விதி இருந்தது. ஆர்கன்சாவையும் சவுத் கரோலினாவையும் சேர்த்து எண்ணிக்கையை 12 ஆக்கி, 1992-இல் அலபாமாவின் பர்மிங்ஹாம் நகரில் முதல் ஆட்டத்தை நடத்தினார்கள். அதில் அலபாமா 28, ஃபுளோரிடா 21. ஆட்டம் சமநிலையில் இருந்தபோது அலபாமாவின் ஆன்டோனியோ லாங்ஹாம் எதிரணி வீசிய பந்தை நடுவில் புகுந்து பறித்து, அப்படியே கோட்டைத் தாண்டி ஓடினார். இன்றைக்கும் அங்கே அதைப் பேசுவார்கள். 1994-இல் ஆட்டம் அட்லாண்டாவுக்கு வந்தது. முதலில் ஜார்ஜியா டோம் என்ற அரங்கம். 2017 முதல் அதன் பக்கத்திலேயே கட்டிய இப்போதைய அரங்கம்.

முன்பு கிழக்கு, மேற்கு என்று இரண்டு பிரிவு, பிரிவுக்கு ஒரு முதல்வர், அவர்கள் இருவரும் மோதுவார்கள். எளிமையான கணக்கு. 2024 முதல் பிரிவுகளே இல்லை. 16 அணிகளும் ஒரே பட்டியலில் இருக்கும். கூட்டணிக்குள் ஆடிய ஆட்டங்களில் வெற்றி விகிதம் அதிகமுள்ள முதல் இரண்டு அணிகள் அட்லாண்டாவுக்கு வரும். சிக்கல் என்னவென்றால் எல்லோரும் எல்லோருடனும் ஆடுவதில்லை. 2025 வரை ஆளுக்கு 8 ஆட்டம், 2026 முதல் 9. ஆகவே சம புள்ளியில் முட்டிக்கொண்டு நிற்பது சகஜம்.

2025-இல் என்ன நடந்தது என்று பாருங்கள். ஜார்ஜியா, அலபாமா, ஓல் மிஸ் (மிசிசிப்பி பல்கலைக்கழகம்), டெக்சாஸ் ஏ அண்டு எம் நான்கும் 7 வெற்றி, 1 தோல்வி. ஒருவரோடு ஒருவர் மோதிய முடிவைப் பார்க்கலாம் என்றால் நால்வரும் தங்களுக்குள் முழுமையாக மோதவில்லை. பொதுவான எதிரணிகளோடு எப்படி ஆடினார்கள் என்று பார்க்கலாம் என்றால், நால்வரும் ஆடிய எதிரணி ஒன்றுகூட இல்லை. கடைசியில், யார் எதிர்கொண்ட அணிகள் அதிகம் ஜெயித்தவை என்ற கணக்கு வரை போய்த்தான் ஜார்ஜியாவும் அலபாமாவும் உள்ளே வந்தன. ஓல் மிஸ்ஸும் ஏ அண்டு எம்மும் அந்தப் பருவம் முழுவதும் ஒரே ஓர் ஆட்டத்தில்தான் தோற்றிருந்தன. வீட்டில் உட்கார்ந்து டி.வி. பார்த்தன. அலபாமா இரண்டு ஆட்டம் தோற்றும் வந்தது. காரணம், ஃபுளோரிடா ஸ்டேட்டிடம் வாங்கிய தோல்வி கூட்டணிக்கு வெளியே நடந்தது, அதனால் இந்தக் கணக்கில் சேரவில்லை. உங்கள் மகள் நவம்பரில் பட்டியலைக் காட்டினால், மொத்த வெற்றி தோல்வியைப் பார்க்காதீர்கள்; பக்கத்தில் கூட்டணிக் கணக்கு என்று தனியாக ஒரு பத்தி இருக்கும், அதைத்தான் பார்க்க வேண்டும்.

சரி, ஜார்ஜியா வருமா? யாராலும் உறுதி சொல்ல முடியாது. ஆனால் வரலாறு உங்கள் மகள் பக்கம். இந்த அரங்கத்தில் 2017 முதல் 2025 வரை நடந்த ஒன்பது இறுதி ஆட்டங்களில் எட்டில் ஜார்ஜியா ஆடியிருக்கிறது. 2020 மட்டும்தான் விடுபட்டது. எட்டில் நான்கு வெற்றி, நான்கு தோல்வி. பயிற்சியாளர் கர்பி ஸ்மார்ட் அந்தப் பல்கலைக்கழகத்தின் பழைய ஆட்டக்காரர். அலபாமாவின் அன்றைய தலைமைப் பயிற்சியாளர் நிக் சேபனிடம் உதவியாளராக இருந்து தொழில் கற்றவர். 2018, 2021, 2023 மூன்று முறையும் இந்த அரங்கத்தில் அவரைத் தோற்கடித்தது அந்தக் குருவின் அணிதான். அதற்கும் முன்னால், 2012-இல், ஸ்மார்ட் அலபாமா பக்கம் இருந்த காலத்தில், ஜார்ஜியா நான்கு புள்ளி பின்தங்கி, எதிரணிக் கோட்டுக்கு ஐந்து கெஜம் இருக்கும்போது கடிகாரம் ஓடி முடிந்துவிட்டது. ஜார்ஜியாக்காரர்களிடம் அந்த ஐந்து கெஜத்தைப் பற்றிப் பேசிப் பாருங்கள், முகமே மாறிவிடும். 2025-இல் 28-7 என்று ஜெயித்தபோது ஏதென்ஸ் ஏன் அப்படிக் கொண்டாடியது என்று இப்போது புரியும். இறுதி ஆட்டத்தில் அலபாமாவை ஜார்ஜியா வென்றது அதுதான் முதல் முறை.

இனி டிக்கெட் பற்றி என் யோசனை. நவம்பர் நடுப்பகுதி வரை பொறுங்கள். 2024, 2025 இரண்டு ஆண்டுகளிலும் ஜார்ஜியாவின் கூட்டணி ஆட்டங்கள் நவம்பர் நடுவிலேயே முடிந்துவிட்டன. கடைசியாக ஜார்ஜியா டெக்கோடு ஆடும் ஆட்டம் ஊரே இரண்டுபடும் பகை ஆட்டம்தான், ஆனால் டெக் வேறு கூட்டணி, அதனால் அந்த முடிவு இதில் சேராது. நவம்பர் நடுவில் ஜார்ஜியாவுக்கு ஒன்றோ இரண்டோ தோல்விதான் என்றால் வாய்ப்பு உயிரோடு இருக்கிறது என்று அர்த்தம், அப்போது வாங்கலாம். மூன்று என்றால் மறந்துவிடலாம். ஜார்ஜியா உறுதியான பிறகு மறுவிற்பனை விலை ஏறும்; எதிரில் அலபாமாவாக இருந்தால் இன்னும் ஏறும், ஏனென்றால் ஏதென்ஸ் 70 மைல், அலபாமா பல்கலைக்கழகம் இருக்கும் டஸ்கலூசா சுமார் 200 மைல், இரண்டு ஊர்க்காரர்களும் காரிலேயே வந்துவிடுவார்கள். திருவிழாவைப் பார்த்தால் போதும் என்பவர்கள் அந்தக் கடைசி வாரம் வரைகூடக் காத்திருக்கலாம். எதிர்பார்த்த அணி வராமல் போனால் அதன் ரசிகர்கள் கையிலிருக்கும் டிக்கெட்டை விற்கத்தான் பார்ப்பார்கள். ஆடுகிற பல்கலைக்கழகங்களுக்குத் தனி ஒதுக்கீடு உண்டு. மாணவர்களுக்கான டிக்கெட் அதன் வழியாகத்தான் வரும். மகள் தன் கல்லூரி மின்னஞ்சலைக் கவனமாகப் பார்க்கட்டும். ஆனால் மாணவர் டிக்கெட் கிடைத்தால் அவள் தோழிகளோடு வேறு பக்கம் உட்காருவாள், உங்களோடு அல்ல. இதையும் முன்பே பேசிவைத்துக்கொள்ளுங்கள்.

தேசிய சாம்பியனைத் தேர்ந்தெடுக்க 12 அணிகள் ஆடும் பிளேஆஃப் 2024-இல் வந்துவிட்டதே, இனி இந்த ஆட்டத்துக்கு என்ன மதிப்பு என்று அலுவலகத்தில் யாராவது கேட்பார்கள். நியாயமான கேள்விதான். 2025-இல் தோற்ற அலபாமாவும் பிளேஆஃபுக்குப் போனது, வீட்டில் இருந்த ஓல் மிஸ்ஸும் ஏ அண்டு எம்மும் போயின. ஆனால் லீக் கோப்பையை மதிக்கும் ஊர் இது. பிளேஆஃபில் அடுத்து யாரோடு, எங்கே என்பதெல்லாம் ஞாயிற்றுக்கிழமைக் கவலை. சனிக்கிழமை அந்த அரங்கத்தில் இருக்கும் யாருக்கும் அது நினைவிலேயே இருக்காது.

ஆட்டத்தைப் புரிந்துகொள்ள ஒரே ஒரு விஷயம் பிடிபட்டால் போதும். பந்து கையில் இருக்கும் அணிக்கு நான்கு வாய்ப்பு. அந்த நான்கில் 10 கெஜம் முன்னேற வேண்டும். முன்னேறினால் புதிதாக நான்கு வாய்ப்பு, இல்லாவிட்டால் பந்து எதிரணிக்கு. எதிரணிக் கோட்டைத் தாண்டினால் டச் டவுன், 6 புள்ளி. கம்பங்களுக்கு நடுவே உதைத்தால் ஃபீல்டு கோல், 3 புள்ளி. கிரிக்கெட் தெரிந்த உங்களுக்கு இது சிரமமே இல்லை: ஒவ்வொரு வாய்ப்பும் ஒரு பந்து மாதிரி, நடுவில் களம் மாற்றி நிறுத்துவார்கள், அடுத்து என்ன என்று எல்லோரும் யோசிப்பார்கள்.

டெக்சாஸோடு நடந்த 2024 இறுதி ஆட்டத்தின் கடைசி நிமிடத்தை அப்பாவுக்குச் சொல்லிக் காட்டுங்கள். ஜார்ஜியாவின் குவார்ட்டர்பேக் (பந்தை வீசி ஆட்டத்தை நடத்துபவர்) கார்சன் பெக் முதல் பாதியின் கடைசியில் வீசும் கையில் அடிபட்டு வெளியே போனார். இரண்டாம் பாதியில் அதுவரை அதிகம் ஆடியிராத கன்னர் ஸ்டாக்டன் வந்தார். 16-16, கூடுதல் நேரம். கல்லூரி விதிப்படி ஆளுக்கு ஒரு முறை, 25 கெஜக் கோட்டிலிருந்து தொடங்க வேண்டும். டெக்சாஸால் ஃபீல்டு கோல்தான் முடிந்தது, 19-16. பிறகு ஜார்ஜியா. ஸ்டாக்டன் பந்தோடு ஓடிப்போய் மோதியதில் ஹெல்மெட் கழன்று தெறித்தது. ஹெல்மெட் கழன்றால் அடுத்த ஒரு வாய்ப்புக்கு வெளியே நிற்க வேண்டும் என்பது விதி. வேறு வழியில்லாமல், பந்து வீச முடியாத கையோடு பெக் உள்ளே வந்தார். பந்தை வாங்கினார், பக்கத்தில் இருந்த ட்ரெவர் எட்டியெனிடம் கொடுத்தார், அவர் நான்கு கெஜம் ஓடிக் கோட்டைத் தாண்டினார். 22-19. அடிபட்ட பிறகு பெக் ஆடிய ஒரே வாய்ப்பு அதுதான். அடுத்த ஆண்டு அதே களத்தில் அலபாமாவை வீழ்த்திய அணியின் குவார்ட்டர்பேக் யார் தெரியுமா? ஹெல்மெட் கழன்ற அந்த ஸ்டாக்டன்தான்.

அப்பாவைத் தாராளமாக அழைத்துப் போங்கள். டிசம்பரில் கூரை பெரும்பாலும் மூடியிருக்கும், குளிர் பிரச்சினை இல்லை. இரைச்சல்தான் பிரச்சினை. எதிரணியின் மூன்றாவது வாய்ப்பு வந்தால் அரங்கமே எழுந்து நின்று கத்தும். எதிரணிக்காரர்கள் ஒருவர் பேசுவது ஒருவருக்குக் கேட்கக் கூடாது என்பதுதான் நோக்கம். காதில் வைக்க நுரை அடைப்பான் ஒரு ஜோடி வாங்கிக்கொள்ளுங்கள். மேல் அடுக்கில் படிகள் செங்குத்து, டிக்கெட் விலை குறைவு என்று அங்கே எடுத்து அவரைச் சிரமப்படுத்த வேண்டாம். முன்னால் இருப்பவர்கள் நின்றால் அவருக்கு மறைக்கும், அதனால் படியேற முடியாதவர்களுக்கென்று இருக்கும் இடங்களைக் கேட்டு வாங்குங்கள். மறைத்தாலும் பாதகமில்லை, தலைக்கு மேலே கூரையைச் சுற்றி வட்டமாக ஓடும் ராட்சதத் திரையில் எல்லாம் தெரியும்.

பை விஷயத்தில் மிகக் கண்டிப்பு. கையடக்கச் சிறு பையைத் தவிர, உள்ளே இருப்பது வெளியே தெரியும் கண்ணாடி போன்ற பிளாஸ்டிக் பைக்குத்தான் அனுமதி, அதுவும் 12 அங்குலம், 6 அங்குலம், 12 அங்குல அளவுக்குள். அப்பாவின் மருந்துப் பையை முந்தின நாளே அதற்கு மாற்றிவிடுங்கள். அரங்கத்தில் ரொக்கம் செல்லாது, அட்டைதான். சாப்பாட்டு விலைக்குப் பயப்பட வேண்டாம். 2017-இல் திறந்தபோதே பாப்கார்ன், தண்ணீர், குளிர்பானம் எல்லாம் 2 டாலர் என்று வைத்துப் பெயர் வாங்கிய இடம். சைவத்துக்குப் பாப்கார்ன், பிரெட்சல் போன்றவைதான் துணை, மதியம் வயிறாரச் சாப்பிட்டுவிட்டுக் கிளம்புங்கள். காரை வடக்கே ஏதாவது மார்டா (அட்லாண்டா நகர ரயில்) நிலையத்தில் விட்டுவிட்டு ரயிலில் வாருங்கள். ஃபைவ் பாயிண்ட்ஸில் நீல அல்லது பச்சை வழிக்கு மாறி வைன் சிட்டியில் இறங்கினால் அரங்கம் எதிரிலேயே.

சட்டை நிறத்தில் ஒரு எச்சரிக்கை. ஜார்ஜியாவும் சிவப்பு, அலபாமாவும் ஏறக்குறைய சிவப்பு. அலபாமாவுடையது அடர்ந்த கருஞ்சிவப்பு, கூட வெள்ளை. ஜார்ஜியாவுக்கு சிவப்போடு கறுப்பு. அப்பாவுக்குக் கறுப்புச் சட்டை ஒன்று எடுத்துக் கொடுங்கள், குழப்பமே வராது. சுற்றிலும் பெரியவர்கள் நாய் போலக் குரைத்தால் அவர் திடுக்கிட வேண்டாம்; ஜார்ஜியாவின் சின்னம் புல்டாக், அதனால்தான். இடைவேளையில் எழுந்து போய்விடாதீர்கள். மாணவர்கள் பெரிய டப்பாவின் ஓட்டைக்குள் பந்துகளை வேக வேகமாக வீசுவார்கள். ஜெயிப்பவருக்குப் படிப்புச் செலவுக்கு 1,00,000 டாலர். ஆட்டம் புரியாதவர்களும் அந்த அரை நிமிடம் இருக்கை நுனிக்கு வந்துவிடுவார்கள்.

ஆட்டம் வழக்கமாக மாலை 4 மணிக்குத் தொடங்கும், மூன்றரை மணி நேரம் ஆகும். திருநெல்வேலியில் அப்போது ஞாயிறு அதிகாலை 2.30. ஊரில் யாராவது தாத்தாவை டி.வி.யில் தேட ஆசைப்பட்டால், அலாரம் வைத்துக்கொள்ளச் சொல்லுங்கள்.